ஆழ்நிலைத் தீப்பாறை

ஆழ்நிலைத் தீப்பாறை அல்லது ஊடுருவிய தீப்பாறை என்பது, பாறைக்குழம்பு நிலத்தின் மேற்பரப்பை அடையாமல் புவியோட்டின் உள்ளேயே மெதுவாகக் குளிர்ந்து இறுகுவதால் உருவாகும் பாறை ஆகும். தீப்பாறைகளின் இரு பெரும் பிரிவுகளுள் இது ஒன்று. மற்றது, எரிமலை வழியாக வெளியேறிய குழம்பு விரைவாகக் குளிர்வதால் உண்டாகும் எரிமலைப் பாறை ஆகும். கிரானைட்டு, டயோரைட்டு, கேப்ரோ, சயனைட்டு ஆகியன ஆழ்நிலைத் தீப்பாறைகளுக்கு எடுத்துக்காட்டுகள்.

பாறைக்குழம்பின் தோற்றம்

புவியின் உட்பகுதி முழுவதும் உருகிய நிலையில் இருப்பதாகப் பலர் எண்ணுவதுண்டு. உண்மையில் புவியோடும் அதன் கீழுள்ள மூடகமும் பெரும்பாலும் திண்ம நிலையிலேயே உள்ளன. ஆழத்தில் வெப்பம் மிகுந்திருந்தாலும், அங்குள்ள அழுத்தம் பாறையை உருகவிடாமல் தடுக்கிறது. பாறை உருகுவதற்கு மூன்று காரணங்கள் உள்ளன.

* அழுத்தம் குறைதல்: நடுக்கடல் முகடுகளின் கீழ் மூடகப் பாறை மேலெழும்போது அதன்மீதுள்ள அழுத்தம் குறைந்து, ஒரு பகுதி உருகுகிறது.
* நீர் சேர்தல்: கடலடித் தட்டு மற்றொரு தட்டின் கீழ் அமிழும்போது வெளியாகும் நீர், மேலுள்ள பாறையின் உருகுநிலையைக் குறைக்கிறது.
* வெப்பம் கூடுதல்: மூடகத்திலிருந்து மேலேறிய குழம்பு, புவியோட்டுப் பாறைகளைச் சூடாக்கி உருக்குகிறது.

இவ்வாறு தோன்றும் குழம்பின் வெப்பநிலை, அதன் வேதியியல் அமைப்பைப் பொறுத்து ஏறத்தாழ 700 முதல் 1300 பாகை செல்சியசு வரை இருக்கும். சுற்றியுள்ள பாறையைவிட அடர்த்தி குறைந்ததாகையால் அது மேல்நோக்கி நகர்கிறது.

குளிர்தலும் படிகங்களும்

பாறை வெப்பத்தை எளிதில் கடத்தாது. எனவே ஆழத்தில் தங்கிவிட்ட பெரிய குழம்புத் திரள் முற்றிலும் இறுகப் பல்லாயிரம் ஆண்டுகள் முதல் பத்து இலட்சம் ஆண்டுகளுக்கு மேலும் ஆகலாம். இந்த நீண்ட காலத்தில் அணுக்கள் ஒழுங்காக அடுக்கப்படுவதால், வெறும் கண்ணால் காணத்தக்க அளவில் படிகங்கள் வளர்கின்றன. நீர் மிகுந்த கடைசிக் குழம்பிலிருந்து உருவாகும் பெக்மடைட்டில் சில படிகங்கள் பல மீட்டர் நீளம் கூட இருப்பதுண்டு. முதலில் மெதுவாகவும் பின்னர் விரைவாகவும் குளிர்ந்த பாறையில், நுண்ணிய மணிகளுக்கு நடுவே பெரிய படிகங்கள் பதிந்திருக்கும்.

எல்லாக் கனிமங்களும் ஒரே நேரத்தில் படிகமாவதில்லை. பொதுவாக ஒலிவின், பைராக்சீன் முதலியன உயர் வெப்பநிலையிலும், ஆர்ன்பிளெண்டு, கருமைக்கா ஆகியன அதற்கடுத்தும், பொட்டாசியம் பெல்சுபார், குவார்ட்சு ஆகியன இறுதியிலும் தோன்றுகின்றன. கனடாவில் பிறந்த நார்மன் போவென் ஆய்வுக்கூடச் சோதனைகள் மூலம் இவ்வரிசையை விளக்கினார். முதலில் தோன்றிய படிகங்கள் பிரிந்துவிட்டால், எஞ்சிய குழம்பில் சிலிக்கா மிகுகிறது. ஒரே குழம்பிலிருந்து வெவ்வேறு பாறைகள் உருவாக இது ஒரு காரணம்.

அமைப்புகள்

* பாத்தோலித்து: 100 சதுர கிலோமீட்டருக்கும் மேல் வெளித்தெரியும் பெருந்திரள். கலிபோர்னியாவின் சியெரா நெவாடா இத்தகையது.
* டைக்கு: ஏற்கனவே உள்ள பாறை அடுக்குகளைக் குறுக்கே வெட்டிச் செல்லும் சுவர் போன்ற அமைப்பு.
* சில்: அடுக்குகளுக்கு இடையே இணையாகப் பரவிய தகடு.
* லாக்கோலித்து: மேலுள்ள அடுக்குகளைக் கவிகை போல் உயர்த்திய திரள்.

மேலே மூடியிருந்த பாறைகள் அரிப்பினால் நீங்கிய பின்னரே இவை வெளிப்படுகின்றன.

கருத்தின் வரலாறு

18ஆம் நூற்றாண்டின் இறுதியில், செருமனியின் ஆபிரகாம் வெர்னரைப் பின்பற்றியோர், கிரானைட்டு ஆதிக்கடலின் நீரிலிருந்து படிந்தது என்றும், அதுவே மிகப் பழமையான பாறை என்றும் கருதினர். இசுக்காட்லாந்தின் ஜேம்சு ஹட்டன் இதை ஏற்கவில்லை. 1785இல் அவர் கிளென் டில்ட் பள்ளத்தாக்கில், கிரானைட்டு நரம்புகள் வேறு பாறைகளை ஊடுருவியிருப்பதைக் கண்டார். ஊடுருவிய பாறை, ஊடுருவப்பட்ட பாறையைவிட இளையதாகவே இருக்க வேண்டும். அது உருகிய நிலையில் நுழைந்ததற்கும் இது சான்றாயிற்று.

உருகிய பாறை குளிர்ந்தால் கண்ணாடியாகுமேயன்றிப் படிகமாகாது என எதிர்த்தரப்பினர் வாதிட்டனர். ஹட்டன் 1797இல் இறந்தபின், அவரது நண்பர் ஜேம்சு ஹால் தம் சோதனை முடிவுகளை வெளியிட்டார். எரிமலைப் பாறையை உலையில் உருக்கி விரைவாகக் குளிர்வித்தபோது கண்ணாடியும், மெதுவாகக் குளிர்வித்தபோது படிகங்கள் கொண்ட கல்லும் கிடைத்தன. குளிரும் வேகமே வேறுபாட்டுக்குக் காரணம் என்பது இதனால் தெளிவாயிற்று.

தமிழ்நாட்டில்

காங்கேயம் அருகிலுள்ள சிவன்மலையில் சயனைட்டு வகைப் பாறைகள் உள்ளன. நாமக்கல் மாவட்டத்துச் சித்தம்பூண்டியில் காணப்படும் அனார்த்தொசைட்டு, குழம்பிலிருந்து அடுக்கடுக்காகப் படிகமாகிப் பின்னர் உருமாற்றம் அடைந்தது. நிலவின் மேட்டுநிலப் பாறையை ஒத்திருப்பதால், சந்திரயான்-2 திட்டச் சோதனைகளுக்கான செயற்கை நிலவு மண் இதிலிருந்து உருவாக்கப்பட்டது. வணிகத்தில் "கறுப்பு கிரானைட்" எனப்படும் கற்களுள் பல, உண்மையில் டைக்குகளாக அமைந்த டோலரைட்டுப் பாறைகளாகும். புவியியல் வகைப்பாட்டின்படி அவை கிரானைட்டு அல்ல.