ஓர் ஆமைச் சாதியின் பெயர் வரலாறு

அழிந்தொழிந்த உயிரினங்களுக்கு இரு வரலாறுகள் உள. அவை வாழ்ந்த காலத்தின் வரலாறு ஒன்று. மனிதர் அவற்றைக் கண்டெடுத்துப் பெயரிட்ட வரலாறு மற்றொன்று. பின்னையது பெரும்பாலும் அடிக்குறிப்புகளுள் ஒடுங்கிவிடுகின்றது. அக்செஸ்தெமிஸ் என்னும் மென்னோட்டாமைச் சாதியின் பெயர் 1899 இல் மாற்றப்பட்டமை அத்தகைய ஓர் அடிக்குறிப்புச் செய்தியே. எனினும், அம்மாற்றத்தை 1872 ஆம் ஆண்டின் சூழ்நிலையோடு இணைத்து நோக்கினாலன்றி அது விளங்காதென்பது எமது கருத்தாகும்.

மென்னோட்டாமைகளின் முதுகிலே என்பாலான தட்டொன்று உண்டு. அதனைக் கொம்புச் செதில்கள் மூடுவதில்லை, தோலே மூடியிருக்கும். அத்தோல் தட்டின் விளிம்பையும் கடந்து மடிப்பாக நீளும். நம் குளங்களில் வாழும் பாலாமையும் இக்குடும்பத்ததே. 1809 இல் பிரெஞ்சு விலங்கியலாளரான ஜெஃப்ருவா செந்திலேர் இவற்றின் மூன்று நகங்களைக் கருதித் திரியோனிக்ஸ் எனப் பெயரிட்டார். பின்வந்தோர் மண்ணிலிருந்து பெற்ற மென்னோட்டாமை எச்சங்களிற் பலவற்றையும் அப்பெயரின் கீழேயே அடக்கினர்.

ஐக்கிய அமெரிக்காவின் வயோமிங் பிரதேசத்திலே, பிரிட்ஜர் கோட்டையைச் சூழ்ந்த இயோசீன் காலப் படிவுகள் ஆமை என்புகள் மலிந்தவை. அங்கு வாழ்ந்த மருத்துவர்களான கார்ட்டர், கோர்சன் ஆகியோர் தாம் பெற்ற உயிர்ச்சுவடுகளைப் பிலடெல்பியாவிலிருந்த யோசேப் லெய்டிக்கு அனுப்பி வந்தனர். 1869 இலேயே அப்படிவுகளின் மென்னோட்டாமை ஒன்றுக்கு லெய்டி பெயரிட்டிருந்தார். ஆரவாரமற்ற அம்முயற்சியினிடையே யேல் பல்கலைக்கழகப் பேராசிரியர் மார்ஷும், பிலடெல்பியாவைச் சேர்ந்த எட்வேட் டிறிங்கர் கோப்பும் வந்து புகுந்தனர். 1872 கோடையில் கோப்பும் லெய்டியும் நேரிலேயே அங்கு சென்றனர். மார்ஷின் ஆட்களும் அங்கு அகழ்ந்தனர். மூவரும் ஒரே விலங்குகளின் என்புகளுக்கு வெவ்வேறு பெயர்களைச் சூட்டலாயினர். முதலில் அச்சேறிய பெயரே நிலைக்கும் என்பது விதியாகையால், நாட்கணக்கே வெற்றியைத் தீர்மானித்தது. கோப் தாம் கண்ட பெருவிலங்கொன்றின் பெயரைத் தந்தி மூலம் பிலடெல்பியாவுக்கு அனுப்ப, அது வழியிற் சிதைந்து வேறொரு சொல்லாய்ப் போய்ச் சேர்ந்தது. நகைப்புக்குரிய நிகழ்ச்சிதான், ஆயினும் அவ்வாண்டின் போக்கை அதனினும் தெளிவாகக் காட்டுவது பிறிதில்லை.

அந்த 1872 இலேயே, முழுமையற்ற எச்சங்களைக் கொண்டு, கோப் அக்செஸ்தஸ் பிஸ்ஸினஸ் என்னும் ஆமைக்குப் பெயரிட்டார். முதற்சொல் செதுக்கப்படாதது எனப் பொருள்படும் கிரேக்கச் சொல்லினின்று பிறந்தது. இரண்டாவது மெல்லிய நார்த்துணியைக் குறிக்கும் சொல்வழிப் பட்டது. பெயர் அழகியதே. ஆனால் அக்செஸ்தஸ் என்பது விலங்கியலில் வேறோர் உயிருக்கு முன்னரே வழங்கிவிட்ட பெயர். இரு விலங்குச் சாதிகள் ஒரே பெயரைத் தாங்குதல் ஆகாதென்பதும் விதியே. ஒரு பெயர் முன்னர் வழங்கியதா என அறிய நூல்கள் பலவற்றைத் துருவவேண்டும். முந்துவோருக்கே பெருமையளித்த முறைமையோ அதற்கு அவகாசம் தரவில்லை. ஆகவே தவறு முழுவதையும் கோப்பின் மீது சுமத்துதல் நேர்மையாகாது. இப்போட்டியால் மனம் வெறுத்த லெய்டி மேற்குப் பிரதேச ஆய்விலிருந்து ஒதுங்கிக்கொண்டார் என்பதும் ஈண்டு மனங்கொளத்தக்கது. நாம் இழப்பெனக் கருதுவது இதனையே.

கோப் 1897 இல் மறைந்தார். ஈராண்டுகளின் பின், 1899 இல், ஒலிவர் பெரி ஹே என்பார் அக்செஸ்தெமிஸ் என்னும் புதுப்பெயரை வழங்கினார். வட அமெரிக்க உயிர்ச்சுவட்டு ஆமைகள் பற்றி 1908 இல் வெளிவந்த பெருநூலும் இவருடையதே. இலக்கணம் பயில்வோர்க்கு இங்கொரு சுவை உண்டு. பழைய பெயர் ஆண்பால். எமிஸ் என முடியும் புதிய பெயர் பெண்பால். ஆதலின் பிஸ்ஸினஸ் என்னும் அடைமொழியும் பிஸ்ஸினா எனத் திரிந்தது. இனத்தின் பெயரை எழுதுங்கால் கோப்பின் பெயரும் 1872 என்னும் ஆண்டும் அடைப்புக்குறிக்குள் இடப்படும். சாதி மாறியமைக்கு அதுவே அடையாளம். பிழையைத் தேடித் திருத்திய ஹேயின் பெயர் இனப்பெயரோடு வருவதில்லை.

1945 இல் சிமித் என்பார் நிறுவிய பலியோதிரியோனிக்ஸ் என்னும் சாதியும் 2012 இல் வெளிவந்த ஆய்வொன்றினால் அக்செஸ்தெமிஸுள் அடக்கப்பட்டது. அவ்வாய்வின் பொருள் வட அமெரிக்காவின் பேருருவ மென்னோட்டாமைகள் ஆகும். 2019 இல் இச்சாதிக்கு மேலும் ஓரினம் சேர்ந்தது. ஹெல் கிரீக், லான்ஸ் எனப்படும் படிவுகளிற் பெறப்பட்டமையால், ஹெல் என்னும் நரகப் பெயருக்கேற்ப அது இன்பெர்னாலிஸ் என வழங்கப்படுகின்றது. அப்படிவுகள் கிறெத்தேசியக் காலத்தின் இறுதிக்குரியவை. எனவே, ஏறத்தாழ 6.6 கோடி ஆண்டுகளுக்கு முன் டைனோசர்களை மாய்த்த பேரழிவுக்கு முன்னரும் இச்சாதி ஆற்றுநீரில் வாழ்ந்தது. அதன் பின் ஒரு கோடிக்கும் மேற்பட்ட ஆண்டுகள் கழிந்து, பிரிட்ஜர் கோட்டைப் படிவுகள் உருவான காலத்தும் வாழ்ந்திருந்தது.