ஜொகூரில் இரவற்பணியின் சரித்திரம்

மலாய்த் தீபகற்பத்து ராஜ்யங்களுள், எழுதப்பட்ட அரசியல் சாசனம் ஒன்றை முதன்முதலாக இயற்றிக்கொண்ட பெருமை ஜொகூருக்கு உரியது. 1895-ஆம் ஆண்டில் சுல்தான் அபூபக்கர் பிரகடனம் செய்த அச்சாசனத்தின் ஆதரவில் தனக்கென மந்திரிகளையும் உத்தியோக வர்க்கத்தையும் பேணி வளர்த்த அந்நாடு, பிறருடைய உத்தியோகஸ்தர்களை ஏற்க நேர்ந்தபோது, ஒருவர் இரண்டு அதிகாரங்களுக்கு இடையில் நின்று பணிபுரிவதன் சிக்கல்களையும் சேர்த்தே ஏற்க வேண்டியதாயிற்று.

1910-இல் டக்ளஸ் கேம்ப்பெல் என்னும் பிரிட்டிஷ் அதிகாரி பொது ஆலோசகராக ஜொகூருக்கு வந்தார். மலாய் சமயமும் சம்பிரதாயமும் நீங்கலாக, ராஜ்ய பரிபாலனத்தின் சகல விஷயங்களிலும் அவர் ஆலோசனையைக் கேட்டு அதன்படியே நடக்கவேண்டும் என்று 1914-ஆம் ஆண்டு மே மாதம் 12-ஆம் நாள் பிரிட்டிஷார் சுல்தான் இப்ராஹீமுடன் செய்துகொண்ட ஒப்பந்தம் விதித்தது. அவரைப் போலவே மலாயா சிவில் சேவையிலிருந்து வந்த அதிகாரிகள் ஜொகூரின் கருவூலத்திலிருந்து சம்பளம் பெற்றாலும், அவர்களுடைய பதவி உயர்வும் ஓய்வூதியமும் தாய்ச் சேவையோடு பிணைந்தே இருந்தன.

பெரிய துரைமார்களின் நிலை மாத்திரம் இதுவன்று. 1909-இல் கிம்மாஸிலிருந்து ஜொகூர் பாரு வரை திறக்கப்பட்ட இருப்புப்பாதை ஜொகூர் அரசின் உடைமையாயினும், அதை நடத்தும் பொறுப்பு, குத்தகை முறையில், ஐக்கிய மலாய் நாடுகளின் ரயில்வேயிடம் இருந்தது. மலாயா ரயில்வேயில் ஸ்டேஷன் மாஸ்டர்களாகவும் குமாஸ்தாக்களாகவும் அமர்ந்த யாழ்ப்பாணத் தமிழர்களும், தண்டவாளங்களைக் காத்த தமிழகத் தொழிலாளரும், இவ்வாறு ஒரு ராஜ்யத்தின் மண்ணில் வாழ்ந்துகொண்டே வேறோர் அரசின் இலாகாவுக்குக் கட்டுப்பட்டு உழைத்தார்கள்.

வழக்கத்தினாலும் ஒப்பந்தத்தினாலும் நடந்துவந்த இம்முறைக்கு மலாயாவின் 1957-ஆம் ஆண்டு சுதந்திர சாசனம் திட்டமான வடிவம் தந்தது. ஒரு மாநிலம் கேட்டுக்கொண்டால் மத்திய அரசும், மத்திய அரசோ மற்றொரு மாநிலமோ கேட்டுக்கொண்டால் ஒரு மாநிலமும், தத்தம் ஊழியரை இரவலாக அனுப்பலாம் என்று அதன் 134-ஆம் விதி கூறுகிறது. அவ்வாறு அனுப்பப்பட்டவர் தம் சொந்தச் சேவையின் அங்கத்தினராகவே நீடிப்பார். சம்பளம் மட்டும் அவரைப் பெற்றுக்கொண்டவர்களின் பொறுப்பு. தனக்கெனத் தனிச் சிவில் சேவையை இன்றளவும் காத்துவரும் ஜொகூருக்கு இவ்விதி வெறும் ஏட்டுச் சட்டமன்று; அன்றாட நிர்வாகத்தின் அஸ்திவாரம்.

இதனோடு 135-ஆம் விதியைச் சேர்த்துப் படித்தால் ஊழியரின் பாதுகாப்பு முழுமையாக விளங்கும். நியமிக்கும் அதிகாரமுடையவருக்குக் கீழ்ப்பட்ட எவரும் ஓர் ஊழியரைப் பதவி நீக்கவோ தரம் தாழ்த்தவோ இயலாது. தம் பக்கத்து நியாயத்தை எடுத்துரைக்க அவருக்குத் தக்க சந்தர்ப்பமும் அளிக்கப்பட வேண்டும். சுரிந்தர் சிங் கந்தா என்னும் போலீஸ் இன்ஸ்பெக்டரைப் போலீஸ் கமிஷனர் 1958-இல் பதவியினின்று நீக்கியது செல்லாது என்று 1962-இல் லண்டன் பிரிவி கவுன்சில் தீர்ப்பளித்தது இக்காரணங்களைக் கொண்டே: நீக்கும் அதிகாரம் கமிஷனரிடம் இல்லை, விசாரணைக் குழுவின் அறிக்கை கந்தாவிடம் காட்டப்படவும் இல்லை. கந்தா இரவற்பணியில் இருந்தவர் அல்லர். எனினும், அருகிலிருந்து வேலை வாங்குகிறவர் என்பதனாலேயே ஒருவருக்குத் தண்டிக்கும் அதிகாரம் வந்துவிடாது என்னும் தத்துவம், இரவலாகச் சென்ற ஊழியருக்கே எல்லாரினும் அதிகமாகப் பயன்படுவது.

இரவற்பணியாளரின் உரிமைக்கு எல்லையும் உண்டு; இதற்கு இந்தியாவிலிருந்து ஓர் உதாரணம். சென்ற இடத்திலேயே நிலைத்துவிடும் உரிமை இரவற்பணியாளருக்கு இல்லையென்றும், தாய்த்துறை அவரை எப்போதும் திரும்ப அழைக்கலாமென்றும் இந்திய உச்ச நீதிமன்றம் 2000-இல் குணால் நந்தா வழக்கில் தெளிவுபடுத்தியது. இந்த எல்லை நியாயமானதே. உழைப்பை ஓரிடத்திலிருந்து மற்றோரிடத்துக்கு மாற்றிக்கொள்ள அரசுகளுக்கு அதிகாரம் உண்டு என்றால், அந்த மாற்றத்தினால் ஊழியரின் சேவைக் காலமும் ஓய்வூதியமும் மானமும் சிறிதும் குறையாமல் காப்பது, அனுப்புகிறவர்க்கும் ஏற்கிறவர்க்கும் சமமாக உரிய கடமையாகும்.