முதல் இரவின் இயக்குநர்

1954 ஜனவரி 3, ஞாயிற்றுக்கிழமை. இத்தாலியின் ராய் நிறுவனம் தொலைக்காட்சிச் சேவையை முறைப்படி தொடங்கிய நாள். அதன் வார இதழான 'ராடியோகொரியேரே' அச்சிட்ட நிகழ்ச்சி நிரலிலிருந்துதான் என் தேடல் தொடங்குகிறது. காலை 11 மணிக்குத் தொடக்க விழா. இரவு 9.45க்கு நாடகாசிரியர் கார்லோ கொல்தோனியின் 'லோஸ்தெரியா தெல்லா போஸ்தா'. 10.45க்கு வேறு நிகழ்ச்சி. ஆக, ஏறத்தாழ ஒரு மணி நேர நாடகம். இயக்கியவர் யார்?

இங்கே ஒரு சிக்கல். இத்தாலியத் தொலைக்காட்சியின் 'முதல் இயக்குநர்' என்ற பெருமையை நூல்கள் ஒருவருக்கு மட்டும் தரவில்லை. விழாவை இயக்கியவர் வீத்தோ மொலினாரி. மதியம் மைக் பொஞ்ஜோர்னோ தோன்றிய பேட்டி நிகழ்ச்சி அந்தொனெல்லோ ஃபால்குயியின் பொறுப்பு. நாடகம் ஃபிராங்கோ என்ரீக்கெஸுடையது. ஒரே நாளின் வெவ்வேறு மணிகள் என்று பிரித்துவிட்டால் முரண்பாடு தீர்கிறது. ஆனால் 'முதல் நாடகம்' என்பதையும் அப்படியே ஏற்க முடியாது. அதற்கு முந்தைய சோதனை ஒளிபரப்புகளிலேயே நாடகங்கள் வந்திருக்கின்றன. முறையான சேவையின் முதல் நாடகம் என்பதே சரி.

ஃபுளோரன்ஸில் 1927இல் பிறந்த என்ரீக்கெஸுக்கு அப்போது வயது 26. அவரை அறிய அடுத்த சான்று நாடகப் பிரதி. தபால் வண்டிகள் குதிரை மாற்றும் சத்திரம் ஒன்றில், முகமறியாத மணமகனும் மணமகளும் எதிர்பாராமல் சந்திக்கிறார்கள். ஒரே அங்கம், ஒரே கூடம், விரல்விட்டு எண்ணக்கூடிய பாத்திரங்கள். காட்சி மாற்ற இடைவெளியே இல்லாத நேரலைக்கு இதைவிடப் பொருத்தமான பிரதி கிடைப்பது அரிது. நகைச்சுவை நடிகர் தொத்தோவுடன் திரைப்படங்களில் நடித்துப் புகழ்பெற்றிருந்த ஈசா பார்ட்ஸிட்சா நடிகர் குழுவில் இருந்தார் என்பதையும் சேர்த்துப் பார்த்தால், தேர்வில் கணக்கு இருந்தது தெரிகிறது. கணக்கு இயக்குநருடையதா, நிறுவனத்துடையதா என்பதைப் பிரதி சொல்லாது.

படச்சான்றுக்குப் போனால் வழி குறுகுகிறது. ஆம்பெக்ஸ் நிறுவனம் காந்த ஒளிநாடாப் பதிவை உலகுக்குக் காட்டியதே 1956இல்தான். அதற்கு முன் நேரலையைக் காப்பாற்ற வேண்டுமானால், திரையில் ஓடும் படத்தைத் திரைப்படச் சுருளில் மறுபடி படம்பிடிக்க வேண்டும். 'விதீக்ரஃபோ' என்று ராய் பணியாளர்கள் அழைத்த கருவி அதற்கானது. செலவு மிக்க இந்த வேலை எல்லா நிகழ்ச்சிக்கும் நடக்கவில்லை. அந்த ஆண்டு நாடகங்களில் பெரும்பாலானவை ஒளிபரப்பான கணத்தோடு முடிந்துபோயின.

ஆனால் ஓபரா தப்பியது. அதே 1954இல் என்ரீக்கெஸ் இயக்கிய லியோன்கவாலோவின் 'பாலியாச்சி' இன்றும் பார்க்கக் கிடைக்கிறது. ஃபிராங்கோ கொரெல்லி கானியோவாகவும் தீத்தோ கொப்பி தோனியோவாகவும் வருகிறார்கள். 1958இல் மாரியோ தெல் மொனாக்கோ பாடிய 'ஒதெல்லோ'வின் இயக்குநரும் அவரே. இவற்றைக் கண்டதும் அந்த முதல் இரவையே பார்த்துவிட்டதாகத் துள்ளத் தோன்றும். கூடாது. பாட்டை முன்பே பதிவுசெய்துகொண்டு, படப்பிடிப்பில் பாடகர்கள் வாயசைப்பதே இந்த ஓபராக்களின் முறை. வசனம் தவறினால் திருத்த வழியில்லாத நேரலை நாடகம் வேறு தொழில்.

1961இல் வலேரியா மொரிகோனி, கிளௌகோ மௌரி, மேடை வடிவமைப்பாளர் எமனுவேலே லுட்ஸாத்தி ஆகியோருடன் 'நால்வர் குழு'வை என்ரீக்கெஸ் தொடங்கினார். இத்தாலியர்கள் அவரை நினைவில் வைத்திருப்பது அந்த மேடைப் பணிக்காக. அவர் முதன்மையாக மேடை இயக்குநர் என்பதால், 'பாலியாச்சி'யிலிருந்து, நடிகர்களைச் சிறு அரங்கில் நிறுத்தும் அவர் பழக்கத்தை மட்டும் 1954 ஜனவரிக்குப் பொருத்திப் பார்க்கிறேன். வேகத்தையும் பதற்றத்தையும் அல்ல.