மிஸஸ் பிளாக்வெல் என்று யாரும் இல்லை!

1879-ம் வருடம். அமெரிக்காவில் மாசசூசெட்ஸ் மாநிலம் பெண்களுக்கு ஒரு குட்டிச் சலுகை கொடுத்தது. முழு ஓட்டுரிமை எல்லாம் இல்லை. பள்ளிக்கூடங்களை நிர்வகிக்கும் கமிட்டிக்கு ஆள் தேர்ந்தெடுக்கும்போது மட்டும் பெண்களும் ஓட்டுப் போடலாம், அவ்வளவுதான்!

அந்த உரிமைக்காக முப்பது வருடங்களாக ஊர் ஊராகப் போய் மேடையேறிப் பேசிய ஒரு பெண்மணி, உடனே போய்ப் பெயரைப் பதிவு செய்தார். லூஸி ஸ்டோன் என்று எழுதினார். அதிகாரிகள் ஒப்புக்கொள்ளவில்லை. கணவர் பெயர் ஹென்றி பிளாக்வெல் ஆயிற்றே... அப்புறம் இவர் எப்படி 'ஸ்டோன்' ஆக முடியும்? கணவருடைய குடும்பப் பெயரில் வந்தால்தான் ஓட்டு என்று கறாராகச் சொல்லிவிட்டார்கள்.

ஒரே ஒரு வார்த்தையை மாற்றி எழுதியிருந்தால் போதும். லூஸி எழுதவில்லை. ஓட்டும் கிடைக்கவில்லை!

ஒரு பேருக்காக இத்தனை பிடிவாதமா என்று நமக்குத் தோன்றலாம். நமக்கு இந்த 'சர்நேம்' சமாசாரமே கொஞ்சம் அந்நியம். நம்ம ஊரில் பெயருக்கு முன்னால் ஒரு இனிஷியல், அதோடு சரி. கல்யாணமானதும் அப்பாவின் இனிஷியல் போய்க் கணவரின் இனிஷியல் வந்து உட்கார்ந்தால்கூடப் பலர் கவனிப்பதில்லை. ஆனால், அன்றைய அமெரிக்காவில் பெயர் மாற்றத்துக்குப் பின்னால் ஒரு பெரிய சட்டமே நின்றுகொண்டிருந்தது.

இங்கிலாந்திலிருந்து கப்பலேறிப் போன சட்டம் அது. பெயர், 'கவர்ச்சர்' (கவர்ச்சிக்கும் இதற்கும் சம்பந்தமில்லை!). போர்த்தி மூடுவது என்று அர்த்தம். 1765-ல் தன்னுடைய பிரபலமான சட்ட நூலை வெளியிட ஆரம்பித்த வில்லியம் பிளாக்ஸ்டோன் இதைத் தெளிவாகவே எழுதியிருக்கிறார். கல்யாணம் ஆனதும் கணவனும் மனைவியும் சட்டத்தின் கண்ணுக்கு ஒரே ஆள். அந்த ஒரு ஆள் யார்? கணவன்தான்! மனைவியின் சட்டபூர்வமான இருப்பு அன்றோடு நிறுத்திவைக்கப்படும். அவள் வேலை செய்து கூலி வாங்கினால் பணம் அவனுக்கு. தனியாக ஓர் ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போட முடியாது. பெற்ற குழந்தைகள்மீது உரிமை தகப்பனுக்கு. ஆளே இல்லை என்றான பிறகு அவளுக்குத் தனியாகப் பெயர் எதற்கு? திருமதி இன்னார் என்றால் போதாதா!

லூஸி பிறந்தது 1818-ல், மாசசூசெட்ஸின் மேற்கு புரூக்ஃபீல்டு என்ற ஊரில், ஒரு விவசாயக் குடும்பத்தில். பிரசவத்துக்கு முதல் நாள் இரவுகூட அம்மா எட்டுப் பசுக்களுக்குப் பால் கறந்தாராம். பிறந்தது பெண் என்று தெரிந்ததும், 'இதுவும் கஷ்டப்படப் பிறந்துவிட்டதே' என்று வருத்தப்பட்டாராம். பிற்காலத்தில் லூஸியின் மகள் எழுதிவைத்த தகவல் இது.

அண்ணன்மார்களைக் கல்லூரிக்கு அனுப்பிய அப்பா, மகள் படிக்கணும் என்றபோது கையை விரித்துவிட்டார். லூஸி சளைக்கவில்லை. பள்ளிக்கூட டீச்சராகி, அதே வேலைக்கு ஆண்கள் வாங்கியதைவிடக் குறைந்த சம்பளத்தில் காசு சேர்த்து, 1843-ல், தன் 25-வது வயதில் ஓபர்லின் கல்லூரியில் போய்ச் சேர்ந்தார். 1847-ல் பட்டம். மாசசூசெட்ஸ் பெண்களில் பட்டம் வாங்கிய முதல் ஆள் அவர்தான். பட்டமளிப்பு விழாவுக்கு ஓர் உரை எழுதித் தரச் சொன்னார்கள். ஆனால், அதை மேடையில் வாசிப்பது ஓர் ஆணாக இருக்குமாம்! 'அப்படின்னா நான் எழுதவே இல்லை' என்று மறுத்துவிட்டார்.

அடிமை முறைக்கு எதிராகவும் பெண்கள் உரிமைக்காகவும் பேசிப் புகழ்பெற்ற லூஸி, கல்யாணமே வேண்டாம் என்றுதான் இருந்தார். சின்சினாட்டியில் இரும்புச் சாமான் வியாபாரம் செய்துகொண்டிருந்த ஹென்றி பிளாக்வெல் விடவில்லை. இரண்டு வருடம் கடிதம் மேல் கடிதம்! அந்தச் சட்டம் தரும் எந்த அதிகாரத்தையும் கையில் எடுக்க மாட்டேன் என்று உறுதி சொன்ன பிறகுதான் சம்மதம் கிடைத்தது.

1855 மே 1-ம் தேதி கல்யாணம். சடங்குக்கு முன்னால் மாப்பிள்ளையும் பெண்ணும் எழுந்து நின்று, கணவனுக்கு மனைவிமீது எஜமான அதிகாரம் தரும் சட்டங்களை ஏற்க மாட்டோம் என்று ஓர் அறிக்கை வாசித்தார்கள். நடத்திவைத்த பாதிரியார் ஹிக்கின்சன் அதைப் பத்திரிகைகளுக்கே அனுப்பிவைத்தார்!

அப்புறம்தான் பெயர்ப் பிரச்னை. லூஸி, பேர்பெற்ற வக்கீல்கள் சிலரிடம் யோசனை கேட்டார். கிடைத்த பதில்தான் வேடிக்கை. கணவன் பெயரை மனைவி வைத்துக்கொள்ளணும் என்று எந்தச் சட்டமும் சொல்லவில்லை, அது வெறும் வழக்கம்! கூலியையும் குழந்தையையும் பறிக்கச் சட்டம் இருந்தது. பெயரைப் பறிக்க மட்டும் சட்டம் தேவைப்படவே இல்லை. பெண்கள் தாங்களாகவே கொடுத்துவிட்டார்கள்.

'ஸ்டோன் மட்டும் என்னவாம், அதுவும் அப்பா என்கிற ஆம்பளையோட பேர்தானே?' என்று இன்றைக்கும் கேட்பவர்கள் உண்டு. வாஸ்தவம்தான். ஆனால் காசு சேர்த்தது, பட்டம் வாங்கியது, கூச்சல்களுக்கு நடுவே மேடையில் நின்றது எல்லாம் அந்தப் பெயரில்தானே? அப்பாவிடமிருந்து வந்தாலும், 37 வருடங்களில் அது லூஸியின் சொந்தச் சம்பாத்தியம் ஆகிவிட்டது!

அதற்காக எல்லோரும் தன்னைப் போலவே செய்யணும் என்று அந்த வீட்டில் கட்டாயம் இருந்ததா? இல்லை. லூஸியின் கல்லூரித் தோழி ஆன்ட்வனெட் பிரவுன், 1856-ல் ஹென்றியின் சகோதரரையே கல்யாணம் செய்துகொண்டார். இவர் தன் பெயரோடு கணவர் பெயரையும் சேர்த்து 'பிரவுன் பிளாக்வெல்' ஆனார். தோழிகள் ஓரகத்திகள் ஆனார்கள். ஒருவர் சேர்த்துக்கொண்டார், ஒருவர் மறுத்தார். நட்பு கெடவில்லை.

இன்னொரு கூத்து. நியூஜெர்ஸி மாநிலத்தில் ஆரஞ்ச் என்ற ஊரில் லூஸி பெயரிலேயே ஒரு வீடு இருந்தது. ஓட்டு இல்லாதவளிடம் வரி மட்டும் எதற்கு என்று கட்ட மறுத்தார். 1858 ஜனவரியில் மேஜை, நாற்காலிகளைத் தூக்கிப்போய் ஏலம் போட்டுவிட்டார்கள்! அதாவது, வரி வசூல் செய்யும்போது 'ஸ்டோன்' என்ற பெயர் யாருக்கும் உறுத்தவில்லை. ஓட்டு என்று வந்தபோதுதான் உறுத்தியது.

1893-ல் லூஸி இறந்தார், லூஸி ஸ்டோனாகவே. அமெரிக்கப் பெண்களுக்கு ஓட்டுரிமை 1920-ல் வந்தது. அடுத்த வருடமே, ரூத் ஹேல் என்ற பத்திரிகையாளர் தன் சொந்தப் பெயரில் மட்டும் பாஸ்போர்ட் கேட்டபோது, கணவர் பெயர் இல்லாமல் தர மறுத்தார்கள். 'பாஸ்போர்ட்டே வேண்டாம்' என்று திருப்பிக் கொடுத்துவிட்டு, 1921-ல் நியூயார்க்கில் 'லூஸி ஸ்டோன் லீக்' என்று ஒரு சங்கம் ஆரம்பித்தார். அதில் இருந்த டோரிஸ் ஃபிளைஷ்மன் 1925-ல் சொந்தப் பெயரிலேயே பாஸ்போர்ட் வாங்கிக் காட்டினார். கல்யாணமான அமெரிக்கப் பெண் ஒருவர் அப்படி வாங்கியது அதுவே முதல் தடவை. அதே டோரிஸ், 1955-ல் வெளியிட்ட புத்தகத்தின் அட்டையில் 'ஃபிளைஷ்மன் பெர்னேஸ்' என்று கணவர் பெயரையும் சேர்த்துக்கொண்டார் என்பது தனிக் கதை! மனசு மாறுவதும் ஒரு உரிமைதானே?

மாநிலங்கள் அவ்வளவு சுலபமாக மாறவில்லை. டிரைவிங் லைசென்ஸில் கணவர் பெயர்தான் இருக்கணும் என்று அலபாமா அடம்பிடித்ததை 1972-ல் அமெரிக்க உச்ச நீதிமன்றமே தட்டிக் கேட்கவில்லை. டென்னஸி மாநிலம் நாஷ்வில் நகரில் கல்யாணமான ஒரு பெண் வக்கீல், கணவர் பெயருக்கு மாற மறுத்ததால் வாக்காளர் பட்டியலிலிருந்தே நீக்கப்பட்டார். அவர் விடவில்லை. வழக்குப் போட்டார். பெயரை மாற்றிக்கொள்வதும் மாற்றாமல் இருப்பதும் அந்தப் பெண்ணின் இஷ்டம் என்று 1975-ல் டென்னஸி உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது.

லூஸி வெறுங்கையோடு திரும்பிய 1879-லிருந்து கணக்குப் போட்டால் 96 வருடங்கள். அதே வாக்காளர் பட்டியல், அதே கேள்வி!

நம் நாட்டிலும் கல்யாணத்துக்குப் பிறகு பெண் பெயரையோ இனிஷியலையோ மாற்றியே ஆகவேண்டும் என்று சட்டம் எதுவும் இல்லை. மாற்றிக்கொள்ள ஆசையா, தாராளமாக மாற்றிக்கொள்ளலாம். ஆனால் யாராவது வந்து 'மாத்தித்தான் ஆகணும்மா' என்று சொன்னால், அது எங்கே எழுதியிருக்கிறது என்று ஒரு தடவை கேட்டுப் பாருங்கள். லூஸியும் முதலில் அதைத்தான் கேட்டார்.