ஜோன் டெய்லர்: ஒரு உதையும் ஒரு மறுப்பும்

"விளையாட்டுக்குள்ள அரசியலைக் கொண்டுவராதீங்க." கன்ரீனில மட்ச் பார்க்கும்போது இதைச் சொல்லாத ஆளில்லை. நாங்களும் சொல்லியிருக்கிறம். வேல்ஸ் றக்பி வீரர் ஜோன் டெய்லரின் கதையை வாசித்த பிறகு அந்த வசனம் எங்கட வாயில வருகுதில்லை.

டெய்லர் 1967இல் வேல்ஸ் அணிக்கு வந்தவர். பக்கவாட்டில் நிற்கும் ஃபிளாங்கர். அடுத்த வருடமே லயன்ஸ் அணியோடு தென்னாபிரிக்கா போனார். இங்கிலாந்து, ஸ்கொட்லாந்து, வேல்ஸ், அயர்லாந்து நான்கிலும் இருந்து தெரிந்தெடுக்கப்படும் அணி அது. அதில் இடம் கிடைப்பதுதான் ஒரு வீரரின் உச்சம். ஆனால் அங்கே அவர் நிறவெறியை நேரிலேயே கண்டார்.

1969 கடைசியில் வெள்ளையர்கள் மட்டுமே கொண்ட தென்னாபிரிக்க அணி பிரித்தானியாவுக்கு வந்தது. போன இடமெல்லாம் எதிர்ப்பு. நவம்பரில் சுவான்சீ மைதானத்தில் ஆர்ப்பாட்டக்காரர்கள் அடித்து வெளியேற்றப்பட்டார்கள். 1970 ஜனவரி 24 அன்று கார்டிஃபில் வேல்ஸுடன் ஆட்டம். டெய்லர் தான் விளையாட மாட்டேன் என்று விலகினார்.

அப்போது றக்பியில் சம்பளம் கிடையாது. நாட்டுக்காக ஆடும் அந்த ஒரு நாள்தான் வீரருக்குக் கிடைக்கும் கூலி. அதைத்தான் அவர் விட்டுக்கொடுத்தார். ஆட்டம் நிற்கவில்லை. அவர் இல்லாமலே நடந்து 6-6 என்று சமநிலையில் முடிந்தது.

பிறகு வந்தது எல்லாரும் சொல்லும் அந்த உதை. 1971 பெப்ரவரி, எடின்பரோ. கடைசி நிமிடங்களில் வேல்ஸ் 14-18 என்று பின்னுக்கு நிற்கிறது. ஜெரால்ட் டேவிஸ் வலது ஓரத்தில் ஓடிப்போய் ட்ரை வைக்கிறார். அந்தக் காலத்தில் ட்ரைக்கு மூன்று புள்ளிதான். 17-18. ட்ரை வைத்த இடத்துக்கு நேராக நின்றுதான் மேலதிக உதையை அடிக்க வேண்டும், அதாவது மைதானத்தின் விளிம்பில் இருந்து. டெய்லர் இடது காலால் அடித்தார். 19-18. அந்த வருடம் வேல்ஸ் கிராண்ட் ஸ்லாம் வென்றது. அதே ஆண்டில் நியூஸிலாந்தில் தொடரை வென்ற லயன்ஸ் அணியிலும் அவர் இருந்தார்.

1974இல் லயன்ஸ் மறுபடி தென்னாபிரிக்கா போனது. டெய்லர் போகவில்லை. 22 ஆட்டங்களில் 21 வெற்றி, ஒரு சமநிலை. ஒன்றிலும் தோற்காத அந்த அணி இன்றுவரை கொண்டாடப்படுகிறது. அதில் அவர் பெயர் இல்லை.

அவரது மறுப்பால் என்ன நடந்தது எண்டு கேட்கலாம். உடனே ஒன்றும் நடக்கவில்லைதான். ஆனால் தென்னாபிரிக்காவோடு ஆடுவதே ஒரு அரசியல் முடிவு என்பதை, வெளியில் நின்று கோஷம் போட்டவர்களோடு சேர்ந்து, அணிக்குள் இருந்த ஒருவரும் சொல்லிவிட்டார். விளையாடப் போனவர்கள் அரசியலை விட்டுவிட்டுப் போனதாக நினைத்தார்கள். உண்மையில் அவர்களும் ஒரு பக்கம் எடுத்துத்தான் இருந்தார்கள்.

அந்த உதையைத்தான் ஊர் ஞாபகம் வைத்திருக்கிறது. எங்களுக்கு ஞாபகம் நிற்பது அவர் இறங்காத ஆட்டங்கள்.