விரல்ரேகை முதல் ஆதார் வரை: இந்தியாவில் தனியுரிமை

ஒருவரை அவரது உடலைக் கொண்டே அடையாளம் காணும் முறை இந்தியாவுக்குப் புதிதன்று. ஆட்சியாளரின் தேவைக்காகத் தொடங்கிய இம்முறை, இன்று அன்றாட வாழ்வின் பகுதியாகிவிட்டது.

தொடக்கம்

1858இல் வங்காளத்தின் ஜங்கிபூரில் பணியாற்றிய ஆங்கிலேய அதிகாரி வில்லியம் ஹெர்ஷல், ராஜ்யதர் கோனை என்ற ஒப்பந்தக்காரரின் கைப்பதிவை ஒப்பந்தத் தாளில் பெற்றார். பின்னாளில் அவர் ஒப்பந்தத்தை மறுத்துவிடக் கூடாது என்பதே நோக்கம். 1877இல் ஹூக்ளி மாவட்டத்தில் ஓய்வூதியம் பெறுவோர், பத்திரம் பதிவோர், கைதிகள் ஆகியோரிடமும் ஹெர்ஷல் விரல்ரேகை பெறத் தொடங்கினார். 1897இல் கல்கத்தாவில் விரல்ரேகைப் பதிவகம் அமைந்தது. ரேகைகளை வகைப்படுத்தும் முறையை உருவாக்கியதில் அஜிசுல் ஹக், ஹேம் சந்திர போஸ் ஆகிய இந்தியக் காவல் அலுவலர்களுக்குப் பெரும் பங்குண்டு. எனினும் அம்முறை அவர்களின் மேலதிகாரி எட்வர்ட் ஹென்றியின் பெயராலேயே வழங்குகிறது. 1901இல் லண்டன் காவல்துறையும் அதை ஏற்றது.

ஆதார்

2009இல் இந்தியத் தனித்துவ அடையாள ஆணையம் நிறுவப்பட்டது. 2010 செப்டம்பர் 29 அன்று மகாராஷ்டிரத்தின் தெம்ப்லி என்ற சிற்றூரில் முதல் ஆதார் எண் வழங்கப்பட்டது. பத்து விரல்ரேகைகள், இரு கருவிழிப் பதிவுகள், முகப்படம் ஆகியவை 12 இலக்க எண்ணுடன் இணைக்கப்பட்டன. போலிப் பயனாளிகளைக் களைந்து, மானியத்தை உரியவரிடம் சேர்ப்பதே இதற்குச் சொல்லப்பட்ட காரணம். ஆனால் நியாயவிலைக் கடைகளில் இம்முறையை நம்பியபோது புதிய சிக்கல் எழுந்தது. உழைத்துத் தேய்ந்த விரல்களைக் கருவி ஏற்க மறுத்தாலோ, இணைய இணைப்பு கிடைக்காவிட்டாலோ, அரிசி வாங்க வந்தவர் வெறுங்கையுடன் திரும்ப நேர்ந்தது.

நீதிமன்றத்தில்

கர்நாடக உயர் நீதிமன்ற முன்னாள் நீதிபதி கே. எஸ். புட்டசாமி 2012இல் வழக்குத் தொடுத்தார். 1954, 1962ஆம் ஆண்டுகளின் தீர்ப்புகளைக் காட்டி, தனியுரிமை அடிப்படை உரிமை அல்ல என்று அரசு வாதிட்டது. 2017 ஆகஸ்ட் 24 அன்று ஒன்பது நீதிபதிகள் ஒருமனதாக அவ்வாதத்தை நிராகரித்தனர். அரசமைப்பின் 21ஆம் பிரிவு காக்கும் உயிர்வாழும் உரிமையிலேயே தனியுரிமை அடங்கியுள்ளது என்றனர். 2018இல் வந்த மற்றொரு தீர்ப்பு, நலத்திட்டங்களுக்கு ஆதாரை ஏற்றது. வங்கிக் கணக்கு, கைபேசி எண் ஆகியவற்றுக்கு அது கட்டாயமல்ல என்றது. 2023இல் எண்ணியத் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம் நிறைவேறியது.

களவுபோன கடவுச்சொல்லை மாற்றிக்கொள்ளலாம். விரல்ரேகையை மாற்ற முடியாது. எனவே அதைப் பெறுபவர் யார், எதற்காகப் பெறுகிறார், எவ்வளவு காலம் வைத்திருப்பார் என்று கேட்பது குடிமக்களின் உரிமையாகும்.