மேயோ மக்கள் சூட்டிய பட்டம்

பரம்பரைப் பட்டமா, அது குலப்பெருமை என்பர் சீமான்கள். அந்தப் பெருமை வந்த வழியைச் சற்றே காண்போம். அயர்லாந்தின் மேற்கே, மேயோ மாவட்டத்தை ஆட்டிப்படைத்த பிங்காம் குடும்பத்தின் வரலாறு நம் முன் இருக்கிறது.

1584இல் எலிசபெத் அரசி, ரிச்சர்டு பிங்காம் என்ற ஆங்கிலப் போர்வீரனைக் கானாட் பகுதிக்கு ஆளுநனாக அனுப்பினாள். வாளும் தூக்குக்கயிறுமே அவன் கண்ட ஆட்சிமுறை. அவன் உடன்பிறந்தான் வழியினர் காசில்பாரில் வேரூன்றினர். நிலம் வந்தது, பட்டம் வராதிருக்குமா? 1634இல் பாரனெட், 1776இல் லூக்கன் பாரன், 1795இல் லூக்கன் எர்ல்!

மூன்றாம் எர்ல், ஜார்ஜ் சார்லஸ் பிங்காம், 1839இல் பட்டமேறினார். மேயோவில் மட்டும் ஏறத்தாழ 60,000 ஏக்கர் அந்தக் குடும்பத்துக்கு. 1845இல் உருளைக்கிழங்கை நோய் தாக்கிற்று. ஐரிஷ் ஏழைக்கு அதுதானே சோறு! பத்து லட்சம் பேர் மாண்டனர். அன்றைய சட்டமோ, ஆண்டு மதிப்பு 4 பவுனுக்கு மேற்படாத சிறு நிலங்களுக்குரிய ஏழை வரியை நிலக்கிழாரே கட்டவேண்டுமென்றது. ஏழைக்குப் பரிந்து இயற்றிய சட்டம் போலத் தோன்றும். ஆனால் பிரபுக்கள் போட்ட கணக்கு வேறு: குடியானவன் இருந்தால்தானே வரி? அவனையே அகற்றிவிட்டால்? பாலின்ரோப் வட்டாரத்தில் 1846 முதல் 1849 வரை சுமார் 300 குடிசைகள் தகர்க்கப்பட்டன. 2,000 பேர் தெருவில் நின்றனர். மனிதர் வாழ்ந்த மண் மாடு மேயும் புல்வெளியாயிற்று. காசில்பார் ஏழையர் விடுதிக்குத் தலைவரும் இதே லூக்கன்தான். பஞ்சத்தின் நடுவே அதன் கதவும் மூடப்பட்டது. அரசர் தந்த பட்டத்தோடு மக்களும் அவருக்கொரு பட்டம் சூட்டினர்: 'பூண்டோடு அழிப்பவர்'!

வீரமாவது இருந்ததா என்று கேட்பீர்கள். படைப்பதவியை அந்நாளில் பணத்துக்கு வாங்கலாம், இவரும் வாங்கினார். 1854 அக்டோபர் 25இல், பாலக்ளாவா களத்தில், குதிரைப்படைத் தலைவர் இவரே. கீழே பணிபுரிந்த கார்டிகன் பிரபு இவருக்கு மைத்துனர். இருவருக்கும் தீராப் பகை. மேலிடத்திலிருந்து வந்த தெளிவற்ற ஆணையை இவர் அவரிடம் சேர்த்தார். அறுநூற்றுக்கு மேற்பட்ட வீரர் ரஷ்யப் பீரங்கிகளை நோக்கிப் பாய்ந்தனர். நூற்றுக்கு மேற்பட்டோர் மடிந்தனர். பிரபுவுக்கோ 1887இல் பீல்டு மார்ஷல் பதவி கிடைத்தது!

இதற்கிடையே குடியானவர் விழித்தனர். நான்கு வயதில், வேறொரு நிலக்கிழாரால், குடும்பத்தோடு வீட்டைவிட்டு விரட்டப்பட்டவர் மைக்கேல் டேவிட். 1879 ஆகஸ்டு 16இல், லூக்கனின் காசில்பாரிலேயே, மேயோ நிலச்சங்கம் பிறக்க முன்னின்றார் அவர். மறு ஆண்டு, பாலின்ரோபுக்கு அருகே, எர்ன் பிரபுவின் காரியஸ்தர் பாய்காட்டுக்கு வேலை செய்யவும் பொருள் விற்கவும் ஆளில்லை. பகிஷ்காரத்துக்கு ஆங்கிலத்தில் அவர் பெயரே வழங்கலாயிற்று. 1903 சட்டம், குடியானவருக்கு அரசே கடன் கொடுத்து, நிலத்தை அவரே வாங்க வழி செய்தது.

நிலம் கைமாறியது, பட்டமோ தொடர்ந்தது. 1974 நவம்பரில், ஏழாம் எர்லின் லண்டன் வீட்டில், குழந்தைகளைக் கவனித்துவந்த பெண் கொலையுண்டாள், பிரபு மறைந்தார். கொன்றவர் அவரே என்றது 1975இல் மரண விசாரணை ஜூரி. ஆள் அகப்படவேயில்லை. 2016இல் நீதிமன்றம் அவருக்கு இறப்புச் சான்று வழங்க, மகன் எட்டாம் எர்ல் ஆனார். பாலின்ரோபில் வீடிழந்து அந்தப் பஞ்சத்திலே மாண்டவர் எவருக்கும் அத்தகைய சான்று இல்லை. எல்லா மக்களின் இறப்பையும் பதியும் முறை அயர்லாந்துக்கு 1864இல்தான் வந்தது.